நாலாம் நம்பர் கடை

கோர்ட்டுக்காக என் தம்பி திறந்த பூட்டுகள் மட்டும் முந்நூறுக்கு மேல் இருக்கும். ஒருவரைக் காலி செய்யச் சொல்லி உத்தரவு வந்து, அவர் கதவைப் பூட்டிவிட்டுக் கண்ணில் படாமல் போய்விட்டால், உத்தரவை நிறைவேற்றும் கோர்ட் ஊழியர், அமீனா என்பார்கள், அதோடு வாசலில் வந்து நிற்பார். பூட்டைத் திறக்க ஓர் ஆள் வேண்டும். அந்த ஆள் என் தம்பி. திறந்து கொடுப்பான். உள்ளே இருக்கும் சாமான்களை அமீனா பட்டியல் எழுதி முடிக்கும்வரை ஓரமாக நிற்பான். பிறகு புதுப் பூட்டு மாட்டுவான், அதன்மேல் அமீனா அரக்கு முத்திரை வைப்பார். முந்நூறில் ஒன்றைக்கூட அவன் உடைத்ததில்லை. கம்பியை உள்ளே விட்டுக் காதை வைத்துக் கேட்டே திறந்துவிடுவான். அப்படி ஒரு வேலை முடிந்து வந்தால் அன்று முழுக்க யாரிடமும் பேச மாட்டான். மற்ற நாட்களில் மட்டும் பேசிக் கிழித்துவிடுகிறானா என்று கேட்காதீர்கள், அது வேறு கதை.

நான் அவனுக்கு மூன்று வயது மூத்தவள். இரண்டு தெரு தள்ளித் தையல் கடை வைத்திருக்கிறேன். எனக்குக் கோபம் மூக்கின் நுனியிலேயே உட்கார்ந்திருக்கும் என்று என் வீட்டுக்காரர் சொல்வார். அவர் சொல்வது சரிதான். இவனைப் போல ஒரு வாயில்லாப் பூச்சியைத் தம்பியாகப் பெற்றவளுக்கு இரண்டு பேர் கோபத்தையும் சேர்த்துப் பட வேண்டியிருக்கிறது.

அவனுடைய பூட்டுக் கடை கோயில் மதிலை ஒட்டிய வரிசையில் இருக்கிறது. மொத்தம் பதினோரு கடைகள், பதினொன்றும் கோயில் சொத்து. அந்த வரிசையில் ஒவ்வொரு கடைக்கும் இரண்டு நம்பர் உண்டு. கோயில் அலுவலகம் சாமி இருக்கும் பக்கத்திலிருந்து எண்ணும், கோபுர வாசலை ஒட்டியது ஒன்று. நகராட்சி பெரிய ரோட்டிலிருந்து எண்ணும், அவர்களுக்குக் குப்பை வண்டி வரும் வழிதான் முக்கியம். கதவுக்கு மேலே அடித்திருக்கும் தகரத் தகட்டில் நகராட்சி நம்பர். வாடகை ரசீதில் கோயில் நம்பர். தம்பியின் கடைக்கு ரசீதில் நாலு, தகட்டில் எட்டு. தகட்டில் நாலு போட்டிருப்பது கண்ணாடிக்கார அம்மாவின் கடை. படத்துக்குக் கண்ணாடி வெட்டிச் சட்டம் போடுகிறவர், கணவர் இல்லாமல் தனியாக நடத்துகிறார். அவருக்கு ரசீதில் எட்டு. அந்தத் தெருவில் பிழைக்கிறவர்கள் யாருக்கும் இதில் ஒரு குழப்பமும் வந்ததில்லை. வெளியே இருந்து வருகிறவன்தான் விழி பிதுங்கி நிற்பான்.

கடையை வாடகைக்கு எடுத்தவர் எங்கள் அப்பா. அப்பா போய்ப் பதினாலு வருஷம் ஆகிறது. தம்பி ஒரு மாதம் தவறாமல் வாடகை கட்டினான், ரசீது அப்பா பேரிலேயே வந்துகொண்டிருந்தது. போய்ச் சொல்லிப் பேரை மாற்றிக்கொள்ளடா, ஒரு மனு, ஒரு கையெழுத்து, அரை மணி நேர வேலை என்று நான் சொல்லாத மாதம் இல்லை. 'சரிக்கா' என்பான். அதோடு சரி. சோம்பேறி, மந்தம், உனக்கெல்லாம் ஒரு நாள் சூடு பட்டால்தான் புத்தி வரும் என்று வாய்க்கு வந்தபடி திட்டியிருக்கிறேன். எருமை மாட்டின் மேல் மழை பெய்தது போல நிற்பான்.

பட வேண்டிய சூடு பட்டது. கோயிலுக்குப் புதிதாக ஒரு நிர்வாக அதிகாரி வந்தார். அவரைக் குறை சொல்ல மாட்டேன். கோயில் சொத்தை விழுங்கி ஏப்பம் விட்டவர்கள் எங்கள் வரிசையிலேயே இரண்டு பேர் இருந்தார்கள். தங்கள் பேரில் கடையை எடுத்து, பத்து மடங்கு வாடகைக்கு வேறு ஆளுக்கு விட்டுவிட்டு, வீட்டில் காலாட்டிக்கொண்டிருந்தார்கள். அதிகாரி வழக்குப் போட்டு அவர்களைக் கிளப்பியபோது முதலில் கைதட்டியவள் நான். ஆனால் மனிதர் எல்லோரையும் ஒரே விளக்குமாற்றால் பெருக்கினார். பதிவேட்டில் ஒரு பேர், கடையில் வேறு ஆள் என்றால் ஆக்கிரமிப்பு, வழக்கு. தம்பியும் அதில் மாட்டினான். குத்தகைதாரர் இறந்து பதினாலு வருஷம் ஆகிறது, இப்போது இருப்பவர் யாரென்றே கோயிலுக்குத் தெரியாது என்று எழுதியிருந்தார்கள். தெரியாதாம். கோயில் உண்டியலுக்கே பூட்டுப் போட்டுக் கொடுத்தவன் அவன்.

கீழ்க் கோர்ட்டில் தோற்றோம். மேலே அப்பீல் போட்டோம். தடை உத்தரவு கேட்ட மனு ஒரு வியாழக்கிழமை விசாரணைக்கு வந்தது. முந்தின நாள் எங்கள் வக்கீலம்மா என்னை உட்கார வைத்துச் சொன்னார்:

"இதைக் கேட்டுக்கோங்க. அமீனா கடையை எடுத்து, கோயில்காரங்க கையில ஒப்படைச்சு, அவங்க கையெழுத்துப் போட்டுட்டா முடிஞ்சது. அதுக்கப்புறம் தடை வந்தா அதைச் சட்டம் போட்டுச் சுவத்துல மாட்டிக்கலாம், வேற எதுக்கும் ஆகாது."

தம்பிக்கு நாற்பத்தாறு வயது. வேறு தொழில் தெரியாது. அவன் பெண் கல்லூரியில் முதல் வருஷம். கடை போனால் நடைபாதையில் ஒரு பெட்டியை வைத்துக்கொண்டு உட்கார வேண்டியதுதான். நானும் கோர்ட்டுக்கு வரட்டுமா என்று கேட்டான். நீ வந்து என்ன பேசிவிடப் போகிறாய், கடையில் இரு, யாராவது வந்தால் போன் செய் என்று சொல்லிவிட்டு நான் மட்டும் போனேன்.

எங்கள் வழக்கு முப்பத்தேழாவது. பதினொன்றரை மணிக்குப் பதினெட்டில் நின்றது. அப்போது போன் வந்தது. தம்பி இல்லை. அவன் கடைக்கு எதிரே பஞ்சர் ஒட்டுகிறவர். அவருக்கு மூச்சு வாங்கியது.

"அக்கா, உங்க தம்பி கெட்டார் போங்க. தானாப் போய்த் தலையைக் கொடுத்துட்டாரு."

நடந்தது இதுதான். அமீனா பத்தரை மணிக்கு வந்திருக்கிறார். கூடவே கோயில் சார்பில் கடையை வாங்கிக்கொள்ள ஒரு குமாஸ்தா. குமாஸ்தா வேலைக்குச் சேர்ந்து ஒன்பதாவது நாள். அமீனாவுக்குத் தம்பியைப் பதினெட்டு வருஷமாகத் தெரியும், ஆனால் எங்கள் அப்பா பேர் தெரியாது. உத்தரவில் இருந்ததோ அப்பா பேரும், 'அவர் வழியில் அனுபவித்து வரும் எவரும்' என்ற ஒரு வரியும். அதனால் அமீனா நேரே தம்பி கடைக்கே வந்து, பக்கத்திலேயே ஒரு வேலை, கருவிகளை எடுத்துக்கொண்டு வாங்க என்று கூப்பிட்டிருக்கிறார். எந்த இடம் என்று முன்கூட்டிச் சொல்லும் பழக்கம் அவரிடம் கிடையாது. இவனும் கடையைப் பூட்டிவிட்டுப் பின்னாலேயே போயிருக்கிறான்.

உத்தரவில் நாலாம் நம்பர் என்று இருந்ததால், போய் நின்ற இடம் தகட்டில் நாலு போட்ட கடை. கண்ணாடிக்கார அம்மா அங்கே இல்லை. மகளுக்குப் பிரசவ வலி கண்டு முந்தின நாளே ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டார். கதவில் பூட்டு. அமீனா சாமானியப்பட்டவர் இல்லை, சட்டப் புத்தகத்தைக் கரைத்துக் குடித்தவர், ஒரு காற்புள்ளியை விட மாட்டார். உத்தரவில் உள்ள நான்கு எல்லைகளையும் சரிபார்த்திருக்கிறார். கிழக்கே கோயில் மதில், மேற்கே தெரு, வடக்கேயும் தெற்கேயும் கோயிலுக்குச் சொந்தமான கடைகள். எல்லாம் கச்சிதமாகப் பொருந்தியது. பொருந்தாமல் என்ன செய்யும், அந்த வரிசையில் ஒன்பது கடைகளுக்கு அதுதான் எல்லை. ஒன்பது நாள் குமாஸ்தாவும் தலையை ஆட்டியிருக்கிறார்.

பூட்டில் கை வைப்பதற்கு முன் உத்தரவை வாசலில் நின்று உரக்கப் படிக்க வேண்டும் என்பது அமீனாவின் விதி. தம்பி கருவிப் பையைப் பிரித்துக் கம்பியைக் கையில் எடுத்துக் குந்தியிருந்தான். அமீனா படித்தார். அப்பா பேர் வந்தது.

பஞ்சர்காரர் சொன்னார், அவன் கையில் இருந்த கம்பி அப்படியே நின்றுவிட்டதாம்.

நீங்களே யோசித்துப் பாருங்கள். அவன் செய்ய வேண்டியது ஒன்றுமே இல்லை. சும்மா இருந்தால் போதும், அதுதான் அவனுக்குக் கைவந்த கலையாயிற்றே. உத்தரவில் நாலு, தகட்டில் நாலு, அவன் கூலிக்கு வந்த ஆள். பூட்டைத் திறந்துவிட்டு ஓரமாக நின்றிருந்தால் கண்ணாடிக்கார அம்மாவின் கடை காலியாகியிருக்கும், முத்திரை விழுந்திருக்கும், குமாஸ்தா கையெழுத்துப் போட்டிருப்பார். தப்பு தெரிந்து ஆளாளுக்கு முழிப்பதற்குள் எங்களுக்குத் தடை வந்திருக்கும். அவனை யாரும் ஒரு வார்த்தை கேட்டிருக்க முடியாது.

அவன் எழுந்து நின்று, "ஐயா, இது எட்டு. நாலு என்னோடது," என்றான்.

அமீனாவுக்கு முதலில் புரியவில்லை. இவன் கோயில் எண்ணும் வழியையும் நகராட்சி எண்ணும் வழியையும் விளக்கியிருக்கிறான். வருஷம் முழுக்கச் சேர்த்து வைத்த பேச்சையெல்லாம் அங்கே போய்ப் பேசியிருக்கிறான். படித்த பேர் தன் அப்பாவுடையது என்றும் சொன்னான். அமீனா அவனை ஓரமாகக் கூட்டிப்போய், யோசித்துத்தான் பேசுகிறீர்களா என்று மெதுவாகக் கேட்டாராம். இதற்கு இவன் சொன்ன பதில்: "உள்ள பூராக் கண்ணாடி ஐயா. தூக்கி வெளிய வச்சா பாதி உடைஞ்சிடும்."

இதைக் கேட்டதும் நான் கோர்ட்டு வராந்தாவிலேயே தலையில் அடித்துக்கொண்டேன். போனைக் கொடுங்கள் அவனிடம் என்றேன். அவர் அமீனாவோடு தன் கடைக்குள் இருக்கிறார் என்றார் பஞ்சர்காரர். முப்பத்தேழு, முப்பத்தேழு என்று உள்ளே குரல் கேட்டது. நடுவில் இருந்த வழக்குகள் எல்லாம் ஒத்திவைப்பு. ஓடினேன்.

எங்கள் வக்கீலம்மா எழுந்து இரண்டு நிமிஷம்தான் பேசினார். கோயில் வக்கீல் நிதானமாக எழுந்து, தடை கேட்பதற்கே இடமில்லை, இன்றைக்குக் கடையைக் கைப்பற்றும் நடவடிக்கை நடக்கிறது என்றார். நீதிபதி நிமிர்ந்தார்.

"எடுத்தாச்சா, எடுத்துக்கிட்டு இருக்காங்களா?"

கோயில் வக்கீல் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். எடுத்துக்கொண்டிருக்கிறார்கள் என்றார் அவர். அந்த மனிதர் பொய் சொல்லவில்லை, அதற்காக இன்றைக்கும் அவருக்கு ஒரு கும்பிடு. அப்படியானால் ஒப்படைப்பு முடியாத பட்சத்தில் எல்லாம் இருந்தபடியே நிற்கட்டும் என்று நீதிபதி உத்தரவு போட்டார். நகல் சாயங்காலம்தான் கிடைக்கும், அதனால் ஒரு பக்கத்தில் சுருக்கமாக எழுதி முத்திரை வைத்துக் கொடுக்கவும் சொன்னார்.

அந்த ஒரு பக்கம் எழுதி வரவே மணி பன்னிரண்டே முக்கால் ஆகிவிட்டது. முத்திரை வைக்கிறவர் சாப்பிடப் போய்விட்டார். சாப்பாட்டு அறைக்குப் போனேன், அங்கே இல்லை, இப்போதுதான் எழுந்து போனார் என்றார்கள். கை கழுவும் இடத்தில் பிடித்தேன். கை காயட்டும்மா என்றார். என் புடவைத் தலைப்பை நீட்டி இதிலேயே துடைத்துக்கொள்ளுங்கள் என்றேன். மனிதர் என் முகத்தைப் பார்த்தார், மறு பேச்சு பேசாமல் துடைத்துக்கொண்டு நடந்தார். முத்திரை விழுந்த சத்தம் கேட்டதும் காகிதத்தைப் பறித்துக்கொண்டு படியில் இறங்கினேன். டாக்ஸிக்காரனை அந்தப் பாடு படுத்தினேன், பாவம், அவன் தாயார்கூட அவனை அப்படி ஏசியிருக்க மாட்டார். பெரிய ரோட்டில் வண்டிகள் நின்றுவிட்டன. இறங்கி ஓடினேன். ஐம்பது வயதை எட்டப் போகிறவள், ஒரு கையில் செருப்பு, ஒரு கையில் உத்தரவு. பூட்டி முத்திரை வைத்த கதவைத்தான் பார்க்கப் போகிறோம் என்று ஓடும்போதே அழுகை முட்டியது. திறந்து மூடுவதற்கு ஒரு சின்னக் கடை, மூன்று மணி நேரமா ஆகும்?

தெருவில் கூட்டம். விலக்கிக்கொண்டு உள்ளே பார்த்தேன். கதவு திறந்தே இருந்தது.

அமீனா நாற்காலியில் உட்கார்ந்து எழுதிக்கொண்டிருந்தார். ஒன்பது நாள் குமாஸ்தா சட்டைக் கையை மடித்துவிட்டுத் தரையில் சம்மணம் போட்டு, கை முழுக்க எண்ணெய்க் கறுப்போடு, சாவி எண்ணிக்கொண்டிருந்தார். தம்பி பக்கத்தில் நின்று தட்டுத் தட்டாக எடுத்து நீட்டிக்கொண்டிருந்தான். அவன் கடையில் இருப்பது என்ன, சாவிதானே. அலமாரிச் சாவி, பெட்டிச் சாவி, சைக்கிள் சாவி, யாருடையது என்றே தெரியாத துருப்பிடித்த சாவி. பட்டியலில் ஒவ்வொரு பொருளும் எண்ணிக்கையோடு ஏறாமல் கடையை ஒப்படைக்க முடியாது என்று அமீனா முதலிலேயே சொல்லிவிட்டாராம். சாவிகள், ஒரு குவியல் என்று எழுதிக்கொள்ளலாமே என்று குமாஸ்தா கெஞ்சியிருக்கிறார். குவியல் என்று ஓர் எண் எந்தக் கணக்கில் வருகிறது, எனக்குக் காட்டுங்கள் என்றாராம் அமீனா. அதற்குமேல் குமாஸ்தா என்ன செய்வார், உட்கார்ந்துவிட்டார். நடுவில் ஒரு முறை எண்ணிக்கை தவறி, முதலிலிருந்து ஆரம்பித்திருக்கிறார்கள். தவறியதை எடுத்துச் சொன்னதும் என் தம்பிதான். ஒளிக்காமல், இழுக்காமல், மேசைக்கு அடியில் கிடந்த டப்பாவைக்கூடத் தேடி எடுத்துக் கொடுத்தானாம்.

மூவாயிரத்து நூற்றுப் பதினாறு என்றார் குமாஸ்தா. நான் காகிதத்தை நீட்டினேன். பேச வாய் வரவில்லை, மூச்சுதான் வந்தது. அமீனா முத்திரையைப் பார்த்தார், தேதியைப் பார்த்தார், ஒவ்வொரு வரியாக விரல் வைத்துப் படித்தார். பிறகு பேனாவை மூடினார்.

"எண்ணிக்கை முடியலை. ஒப்படைப்பு நடக்கலை. கோர்ட் உத்தரவுப்படி நிறுத்தறேன்."

தெருவே கத்தியது. பஞ்சர்காரர் காற்றடிக்கிற குழாயைத் திறந்துவிட்டு ஊதினார். குமாஸ்தாவின் முகத்தில் இருந்த நிம்மதியைப் பார்த்திருக்க வேண்டும், அவர் ஜெயித்தது போல இருந்தது. நான் தம்பியைப் பிடித்து உலுக்கினேன். சந்தோஷமும் ஆத்திரமும் சேர்ந்து என்னவெல்லாமோ கத்தினேன். அவன் என்ன சொன்னான் தெரியுமா? "இன்னும் ரெண்டு தட்டுதான்க்கா இருக்கு. எண்ணிட்டா எத்தனை இருக்குன்னு எனக்கும் தெரிஞ்சிருக்கும்." அங்கேயே ஒரு சாத்துச் சாத்தியிருப்பேன், கூட்டம் இருந்ததால் பிழைத்தான்.

அப்பீல் இரண்டு மாதம் கழித்து இறுதி விசாரணைக்கு வந்தது. இந்தத் தடவை தம்பியையும் இழுத்துக்கொண்டு போனேன். கோயில் அதிகாரியும் வந்திருந்தார். அமீனா கோர்ட்டுக்குக் கொடுத்த அறிக்கையில் ஒன்று விடாமல் எழுதியிருந்தார், முதலில் நின்றது எந்தக் கடை, பிறகு சரியான கடையைக் காட்டியது யார் என்பது உள்பட. நீதிபதி அதைப் படித்துவிட்டு, கோயிலின் நாலாம் நம்பர் கடை எது என்று கோயிலுக்கே தெரியவில்லை, இவர் சொல்லித்தான் தெரிந்திருக்கிறது, அப்படித்தானே என்று கோயில் வக்கீலைக் கேட்டார். ஹாலில் சிரிப்பு. நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

ஆனால் நீதிபதி சிரிக்கவில்லை. தம்பியை முன்னால் வரச் சொன்னார். அவர் கேட்டது, நான் பதினாலு வருஷமாகக் கேட்டுக் கேட்டு வாய் வலித்த கேள்வி. அப்பா இறந்ததை ஏன் கோயிலுக்குச் சொல்லவில்லை? மறைத்ததால்தானே ஆக்கிரமிப்பு என்கிறார்கள். என்ன பதில்?

இவன் மென்று விழுங்கினான். போச்சு, வாயே திறக்க மாட்டான், எல்லாம் போச்சு என்று நான் வக்கீலம்மாவின் கையைப் பிடித்தேன். அவன் பேசினான்.

"அப்பா போன மறு மாசம் சொல்லத்தான் போனேன் ஐயா. வரிசையில எனக்கு முன்னாடி நின்னவரும் அவங்க அப்பா இறந்ததைச் சொன்னாரு. பதிவேட்டை எடுத்து, அந்தப் பேர் மேல சிவப்பு மையில குறுக்கக் கோடு போட்டாங்க. அவர் பார்த்துக்கிட்டே நின்னாரு. அடுத்து என்னைக் கேட்டாங்க. வாடகை மட்டும்னு சொல்லிட்டேன். அதுக்கப்புறம் ஒவ்வொரு மாசமும் வாடகை மட்டும்தான். தப்பு என்னோடதுதான்."

சோம்பேறி என்றும் மந்தம் என்றும் இவனைத்தான் நான் திட்டினேன். அத்தனை வக்கீல்களுக்கு நடுவில் வாய்விட்டு அழுதேன். வெட்கமாக இல்லை. நீதிபதியும் என்னை அடக்கச் சொல்லவில்லை.

அதிகாரி எழுந்தார். வழக்கைப் பேசித் தீர்த்துக்கொள்ளக் கோயில் தயார், இவர் பேரில் புதுக் குத்தகை எழுதித் தருகிறோம் என்றார். மறு வாரம் தம்பியும் நானும் கோயில் அலுவலகத்துக்குப் போனோம். ஒன்பது நாள் குமாஸ்தா, இப்போது பழைய ஆளாகிவிட்டவர், பதிவேட்டைப் பிரித்து நாலாம் நம்பரை எடுத்தார். அப்பா பேர் இருந்தது. அவர் சிவப்பு மை டப்பாவின் மூடியைத் திறந்தார். தம்பி தலையைத் திருப்பிக்கொண்டான். உள்ளறையிலிருந்து வந்த அதிகாரி, அந்தப் பக்கத்தை அப்படியே விட்டுவிடுங்கள், புதுப் பக்கம் ஒன்று எடுத்து எழுதுங்கள் என்றார்.

குமாஸ்தா மூடியைத் திருகி மூடினார். தம்பி பேரைப் புதுப் பக்கத்தில் நீல மையில் எழுதினார். அப்பாவின் பக்கத்தில் இன்றைக்கும் கோடு இல்லை.